வாசலைப் பார்த்த நாற்காலி

மனநல மருத்துவமனையில் படம் எடுக்க நல்ல வெளிச்சம் கிடைப்பது குதிரைக்கொம்பு, சார். பெண்கள் வார்டில் வராந்தா ஒன்றுதான் தேறும். அங்கேதான் தையல்காரம்மா வாசலைப் பார்த்து நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். மற்ற நோயாளிகளின் கிழிந்த துணிகளுக்கு ஒட்டுப் போட்டுக்கொண்டே, யார் கேட்டைத் திறந்தாலும் தலையைத் தூக்குவார்.

"இவங்களுக்கு எப்பவோ குணமாயிடுச்சு," என்றார் நர்ஸ். "கூட்டிட்டுப் போக மகன் வரணும். வெளிநாட்டு வேலைக்குப் போனவரு. குடுத்த நம்பர்ல இப்ப யாரும் எடுக்கல."

ஆவணப்படத்துக்கு எனக்கு வேறென்ன வேண்டும்? தையல்காரம்மாவும் என்னிடம் ஒட்டிக்கொண்டார். "சாப்டியாப்பா?" என்று கேட்காமல் பேச்சையே தொடங்க மாட்டார்.

பாதிப் படம் முடிந்திருந்தபோது அந்த மகன் வந்துவிட்டான். கப்பலில் வெல்டர். கையில் பெட்டி, முகத்தில் பயணக் களைப்பு. கேட்டுக்கு வெளியே, சுவர் மறைவில் நான் வெள்ளைச் சட்டையும் கழுத்தில் அனுமதி அட்டையுமாக நின்றிருந்தேன்.

"டாக்டர், அம்மாவைக் கூட்டிட்டுப் போக வந்திருக்கேன்."

டாக்டர் என்று நான் சொல்லவில்லை. அவனாகச் சொன்னான். நான் மறுக்கவில்லை, அவ்வளவுதான்.

"இப்பப் பாத்தீங்கன்னா அவங்களுக்குத் திரும்ப முத்திடும். உங்க மேலதான் கோவமே. என் நம்பருக்குப் பேசுங்க. நான் சொல்றப்ப வாங்க."

சுவரில் சாய்ந்து அழுதான். அதை நான் படம் பிடிக்கவில்லை. அந்த அளவு நாகரிகம் எனக்கு உண்டு. கொண்டுவந்த சால்வையை என்னிடம் கொடுத்துவிட்டுப் போனான்.

அதை அம்மாவிடம் சேர்த்துவிட்டேன். நான் வாங்கியது என்று நினைத்துக்கொண்டார்.

"கேட் பக்கத்துல யாரோ பேசுன மாதிரி இருந்துச்சே?"

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. "யாரும் வரலம்மா."

"வேலையா இருப்பான்," என்று நூலைப் பல்லால் கடித்து அறுத்தார். படத்திலேயே சிறந்த காட்சி அதுதான். எடிட்டர்கூடக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

மகன் அடிக்கடி போன் செய்தான். இன்னும் கொஞ்சம் பொறுங்கள் என்றேன். மழைக்காலத்தில் அம்மாவுக்கு நெஞ்சில் சளி கட்டியது. ஆம்புலன்ஸைக் கூப்பிட நர்ஸ் ஓடிய நேரம், என் கையைப் பிடித்துக்கொண்டு மகன் பெயரைச் சொன்னார். "இங்கதாம்மா இருக்கேன்," என்றேன். அத்தோடு போய்விட்டார்.

மறுநாள் அவனுக்குத் தகவல் சொன்னேன். படத்துக்கு ஒரு முடிவு வேண்டியிருந்தது. பிணவறை வாசலில் என் கைகளைப் பற்றிக்கொண்டு, "நீங்களாவது கூட இருந்தீங்களே, டாக்டர்," என்றான்.

நர்ஸ் திரும்பிப் பார்த்தார். "டாக்டரா? இவரு படம் எடுக்குறவருங்க."

பிறகு நடந்தது உங்களுக்கே தெரியும். என் மூக்கு வீக்கம் இன்னும் வடியவில்லை. அவன்மேல் எனக்கு வருத்தமில்லை.

வாசலில் திருப்பி அனுப்பியது நான்தான். போனில் தடுத்ததும் நான்தான். வாக்குமூலத்தில் எழுதிக்கொள்ளுங்கள். கூடவே இதையும் எழுதுங்கள், சார்: அந்த அம்மாவுக்கு ஒரு நாள்கூட மகன் இல்லாத குறையை நான் வைக்கவில்லை.