அமைச்சருக்கு வெட்டின குழி

ஏற மாட்டேன். போய்ச் சொல்லு. குழிக்குள்ள ஒரு சாமோ இனத்துக் கிழவன் பாய விரிச்சுக் கால நீட்டி உக்காந்திருக்கான், எந்திரிக்க மாட்டேங்கறான்னு சொல்லு. உங்க மோசி இனத்துப் பெருசுங்களுக்குப் புரியும். அவங்கதான் பந்தல்ல நின்னு சிரிச்சுக்கிட்டிருக்காங்களே. நீ மட்டும் ஏன் மூஞ்சியத் தூக்கி வச்சிருக்க? பாரிசுக்குப் போய்ப் படிச்சா கேலி முறைகூட மறந்துபோகுமா அன்செல்ம்?

ஆடா? ஆடு வேணாம். சோளக் கள்ளு தோலோவும் வேணாம், காலையிலயே ரெண்டு சுரக்குடுக்கை உள்ள போயாச்சு, உங்க ஊரு சோளத்துல போதையே இல்ல. காச எடுக்காத, பையில வையி. நீ உக்காரு மொதல்ல. இந்தக் குழி ஓரத்துலயே உக்காரு, கோட்டு அழுக்கானாத் தட்டிவிட்டுக்கலாம். ஜனாதிபதி சாயங்காலந்தானே வர்றாரு? உங்கப்பன் ஐஸ் பெட்டியில ஜம்முனு கெடக்கான், அவனுக்கென்ன அவசரம்.

மோசிக்காரன் செத்தா சாமோ வரணும். செத்தவன் தொப்பிய மாட்டிக்கிட்டு அவன மாதிரியே நடந்து காட்டணும், குழியில எறங்கி மறிச்சுக்கணும், ஏதாவது குடுத்தாத்தான் ஏறணும். யாரும் கோவிச்சுக்கக் கூடாது. நான் செத்திருந்தா உங்கப்பன் வந்து இதையேதான் பண்ணியிருப்பான். இந்தா பாரு, அவன் தொப்பி. வயித்தத் தள்ளிக்கிட்டு நடந்து காட்டினேன், உங்க அத்தை அழுறத விட்டுட்டுச் சிரிச்சா. பாத்தேல்ல?

உங்கப்பன் மொத மொதல்ல வாத்தியாரா வந்தது எங்க ஊருப் பள்ளிக்கூடத்துக்குத்தான். நானும் அங்க வாத்தியாரு. வந்து பெட்டிய எறக்கல, நாய்த்தலை தின்னி, என் அடிமைப் பயலே, குடிக்கத் தண்ணி கொண்டாடான்னான். நான் விடுவேனா? கழுதைத்தலை தின்னி, உங்க பாட்டன எங்க பாட்டன் ரெண்டு கினிக்கோழிக்கு வித்தான், ஒரு கோழி இன்னும் வரல, எடுத்துட்டு வாடான்னேன். அன்னைக்கு ஒட்டினதுதான். அவன் சிம்போரே, நான் தொயே, ஊருக்கு ரெண்டு பேரும் ஒரே ஆளு மாதிரி.

கணக்கு வராது அவனுக்கு. பின்னம் நடத்தணும்னா என் வகுப்புக்கு ஆளனுப்புவான். ஆனா பேசுவான். அப்பா, என்ன பேச்சு! வெறும் கம்பங்களியத் தட்டுல வச்சு இது கறிச்சோறுன்னு சொன்னா, தின்னுட்டு எலும்பத் தேடுவோம். அப்படிப் பேசித்தான் சட்டசபைக்குப் போனான்.

அவன் சட்டசபைக்குப் போன அதே வருசம் பட்டாளம் வந்து ஆட்சியப் பிடிச்சுது. மத்தவங்கல்லாம் கதவச் சாத்திக்கிட்டு உக்காந்திருக்க, ரேடியோ நிலையத்துக்கு மொதல்ல ஓடினது உங்கப்பன். செருப்புகூட ஜோடி மாறி. பட்டாளத்துக்கு வாழ்த்து படிச்சான். அந்தப் பட்டாளத்த இன்னொரு பட்டாளம் கவுத்துச்சு. அப்பவும் மொத ஆளு அவன்தான், அதே வாழ்த்து, பேரு மட்டும் வேற. யாரும் கோட்டு போடக் கூடாது, உள்ளூர் கைத்தறிதான்னு உத்தரவு போட்டாங்க பாரு, உத்தரவு வெளிய வர்றதுக்கு முன்னாடியே உங்கப்பன் கைத்தறியில நின்னான். எப்படிடா தெரிஞ்சுதுன்னேன். தறிக்காரன் தெருவுல ராணுவ லாரி நின்னுச்சுடா, கண்ணு எதுக்கு இருக்குன்னான். கெட்டிக்காரன், அத நான் எங்கயும் சொல்லுவேன்.

கால்நடை அமைச்சராக்கினாங்க. மாட்டக் கண்டா நடுங்குவான். அப்பறம் தண்ணிக்கு அமைச்சர். எங்க ஊருப் பக்கமே கிணறு தொறக்க வந்தான். கீழ பூரா பாறை, சொட்டுத் தண்ணி இல்ல. லாரியில கொண்டாந்து ஊத்தி, போட்டோக்காரன் முன்னாடி வாளியில அள்ளிக் காட்டிட்டுப் போனான். அடுத்த வாரம் பொம்பளைங்க வாளியவிட்டா தொம்முன்னு சத்தம் வருது. அந்தக் கோடையில குட்டையில குடிச்சுக் குழந்தைங்க செத்துச்சு. நான் போய்க் கேட்டேன், ஏன்டா இப்படிப் பண்ணினேன்னு. தண்ணியில்லாத கிணத்துல விழுந்து எவனும் முழுகிச் சாக மாட்டான்ல, அதுக்கு நன்றி சொல்லுடா நாய்த்தின்னின்னான்.

சிரிச்சேன். சிரிக்கணும்ல, முறையாச்சே.

இல்ல, என்னைய ஒண்ணும் அவன் சும்மா கூட வச்சுக்கல. யோசிச்சுப் பாரு. அமைச்சர் அறையில, வெளிநாட்டுத் தூதருங்க உக்காந்திருக்கும்போது, திருட்டுப் பயலே, கிணறு தின்னி, எங்கடா ஜனங்க காசுன்னு கேப்பேன். எல்லாரும் விழுந்து விழுந்து சிரிப்பாங்க. பாருங்க நம்ம அமைச்சரு எவ்வளவு எளிமையானவருன்னு பேசிக்குவாங்க. நான் சொன்னது பூரா நெசம். ஒருத்தன் காதுலயும் நெசமா விழல. நான் திட்டத் திட்ட அவன் சுத்தமானான், குளிப்பாட்டி விட்ட மாதிரி. இது எனக்கு வெளங்கவே ரொம்ப வருசம் ஆச்சு.

எங்க எந்திரிக்கற? உக்காரு. அந்தப் பேண்டுக்காரங்க வாசிச்சுப் பழகுறாங்க, அவ்வளவுதான். இன்னும் நேரம் இருக்கு.

அப்பறம் உள்துறை குடுத்தாங்க. உனக்கு ஞாபகம் இருக்கும், அந்த வருசந்தான் மாணவருங்க ஸ்டிரைக் பண்ணினாங்க. என் மகன் குஸ்தாவ் சங்கத்துல முன்னாடி நின்னான். உனக்கு மோபிலெட் வண்டி ஓட்டக் கத்துக்குடுத்தவன்டா, மறந்துட்டியா? ஹாஸ்டல்லருந்து ஜீப்புல ஏத்திக்கிட்டுப் போனாங்க. அதப் பாத்தவங்க இருக்காங்க. எறக்கினதப் பாத்தவங்க யாரும் இல்ல.

உங்க வீட்டுக்கு ஓடினேன். தலைநகரு வகாதுகுல இருந்த வீடு, பெரிய கூடம், நெறைய ஆளுங்க, சாப்பாடு நடக்குது. நான் தரையில விழுந்து உங்கப்பன் காலப் பிடிச்சேன். சிம்போரே, என் பையன் எங்கடா? சாமோ கேட்டு மோசி இல்லேங்கக் கூடாது, மோசி கேட்டு சாமோ இல்லேங்கக் கூடாது, அதுதான் முறை. ஆடு மாடு கேக்கல, இந்த ஒண்ணச் சொல்லுடான்னேன். உங்கப்பன் கோழிக்காலக் கடிச்சுக்கிட்டே என்னைக் குனிஞ்சு பாத்தான். தின்னுட்டேன்டா, நீங்க மட்டுந்தான் நாய் திங்கணுமான்னான்.

கூடமே சிரிச்சுது. போலீசு அதிகாரி ஒருத்தனுக்குப் புரையேறிருச்சு, இன்னொருத்தன் முதுகுல தட்டிவிட்டான். உங்கம்மா வாயப் பொத்திக்கிட்டா, ஆனா அவளும் சிரிச்சா. மோசி சாமோவச் சொல்றான், சாமோ கோவிச்சுக்கக் கூடாது. நானும் சிரிச்சேன் அன்செல்ம். அவன் காலப் பிடிச்ச கைய எடுக்காமலே சிரிச்சேன். வீட்டுக்கு வந்து என் பொண்டாட்டிகிட்ட இத மறைக்காமச் சொன்னேன். சாகிற வரைக்கும் அவ என் மூஞ்சியப் பாத்துப் பேசல.

அதுக்கப்பறமும் ஏன் அவன்கூடச் சுத்தினேன்னு கேக்கறியா? நல்லாக் கேட்ட. சுத்தினாத்தானே ஒருநாள் குடிச்சுட்டாவது வாய் தவறும். ஒவ்வொரு பண்டிகைக்கும் போனேன். ஒவ்வொரு தடவையும் கேட்டேன். ஒவ்வொரு தடவையும் அதே நாய்க் கதைதான், நல்லா மெருகேத்தி வச்சிருந்தான். போன மாசம் மூச்சு வாங்கிக்கிட்டுக் கெடந்தானே, அப்பவும் காதுகிட்டக் குனிஞ்சு கேட்டேன். பல்லக் காட்டினான். சாகிறவன் சிரிக்கிறதப் பாத்திருக்கியா நீ? நான் பாத்தேன்.

சரி, ஒண்ணு சொல்லு. உங்க தாத்தா, அவங்கப்பா, எல்லாரையும் வீட்டு முத்தத்துலதானே பொதைச்சிருக்கு? இவன் மட்டும் ஏன் கம்பங்கொல்லையோட இந்த மூலையில போடச் சொன்னான்? இடுப்பளவு வெட்டினாப் போதும், அன்னைக்கே மேல சிமெண்ட் ஊத்திரணும்னு ஏன் சொன்னான்? உங்கிட்டதானே சொன்னான். ஏன்ப்பான்னு நீ கேக்கவே இல்லியா? எளிமைன்னு நெனச்சுக்கிட்ட. பேப்பர்லயும் அப்படித்தான் போட்டிருக்கான், ஏழை விவசாயி மாதிரி வயல்ல படுக்க ஆசைப்பட்டார்னு.

நானும் அப்படித்தான் நெனச்சேன், பொய் சொல்லல. காலையில வந்து பாத்தா, வெட்டறவங்க இடுப்பளவோட நிறுத்திட்டு மம்பட்டிய ஊனிக்கிட்டு நிக்கிறாங்க. டேய், அவன் தொப்பை வெளிய தெரியும்டா, கழுகு வந்து உக்காரும்டா, இன்னும் வெட்டுங்கடான்னு கத்தினேன். அமைச்சரு சொன்ன அளவு இதுதான்னாங்க. போங்கடா சோம்பேறிப் பசங்களான்னு தோலோ குடிக்கத் தொரத்திட்டு நானே எறங்கினேன். கேலிக்குத்தான். என் செத்த பொண்டாட்டி மேல ஆணை, கேலிக்குத்தான் வெட்டினேன்.

இந்த மாசத்துல செம்மண்ணு பாறையா இருக்கணும். மேல பூரா வருசக்கணக்கா இறுகி அப்படித்தான் இருந்துச்சு. இங்க இடுப்புக்குக் கீழ பொதபொதன்னு போச்சு, யாரோ முன்னாடியே வெட்டி மூடின மண்ணு மாதிரி.

கத்தாத. மெதுவாப் பேசு, அவங்க சிரிச்சுக்கிட்டே இருக்கட்டும். வகாதுகுல மாணவருங்க இடுகாடு இடுகாடாத் தேடினாங்க. உள்துறை அமைச்சரோட கொல்லையில மம்பட்டி போட எவன் வருவான்? அவனே மேல படுத்து சிமெண்டும் ஊத்திக்கிட்டா அப்பறம் எந்தக் காலத்துலயும் எவனும் வர மாட்டான். கணக்கு வராதுன்னேன்ல, இந்தக் கணக்க மட்டும் சரியாப் போட்டிருக்கான்.

நான் இந்தப் பாய உக்காரவா விரிச்சேன்? பாய்க்குக் கீழ கெடக்கற தொடையெலும்புல இரும்புத் தகடு இருக்குடா. குஸ்தாவ் மோபிலெட்டுலருந்து விழுந்தப்ப வச்சது. பெரிய டாக்டரக் கூட்டிட்டு வந்து வைக்கச் சொன்னதே உங்கப்பன்தான், கட்டிலுகிட்ட நின்னு என் அடிமைப் பயலோட கால ஒழுங்கா ஒட்டுங்கன்னு சொன்னான்.

ஜனாதிபதி வரட்டும், எல்லாரும் வரட்டும். நான் மேல ஏறி நின்னு கத்தினா என்ன ஆகும்னு உனக்கே தெரியும். சாமோக் கிழவன் இன்னைக்கு ரொம்ப நல்லாப் பண்றான்னு கைதட்டுவாங்க. நீதான் சொல்லணும். மோசி வாயால, அவன் மகன் வாயாலதான் அது நெசமாகும். உன்னை அதுக்குத்தான் உக்கார வச்சேன்.

வா, எறங்கிப் பாத்துட்டே சொல்லு. கையக் குடு, பிடிச்சுக்கறேன். அந்தப் பக்கம் வேணாம், இப்படி எறங்கு. அங்கதான் தலைய வச்சிருக்கான்.