நிரப்பாத கட்டம்

— போட்டோ, ஆறு பேர் கையெழுத்து, எல்லாம் சரியா இருக்கும்மா ரோஸ்லீன். இந்தச் 'சமூகம்'னு போட்ட கட்டத்தை மட்டும் விட்டுட்டீங்க.

— மறந்து விடல மிஸ்யே ராம்தோனி. வேணும்னுதான் காலியா வெச்சிருக்கேன்.

— காலியா இருந்தா வேட்பு மனுவைத் தள்ளணும், அதான் சட்டம். இந்து, முஸ்லிம், சீனர், மத்தவங்க. நாலுல ஒண்ணை எழுதிட்டுப் போங்களேன். தேர்தல் வேலையில இத்தனை வருஷம் குப்பை கொட்டியிருக்கேன், இந்தக் கட்டத்துக்கு யாரும் மல்லுக்கு நின்னதில்ல.

— அஞ்சாவதா மொரீசியஸ்காரின்னு ஒண்ணு இருந்தா இப்பவே எழுதிடுறேன். எங்கப்பா சீனர், அம்மா ஆப்பிரிக்க வழி வந்த கிரியோல். சீனக் கோயில்ல நான் கிரியோல்காரி மக. மாதா கோயில்ல சீனாக்காரன் மக. எதை எழுத, நீங்களே சொல்லுங்க.

— எதையாவது எழுதும்மா. யாரு வந்து பாக்கப் போறா?

— சரி, பேனாவைக் குடுங்க. இந்துன்னு எழுதுறேன்.

— அதெப்படி? முகத்தைப் பாத்தாலே தெரியுதே...

— தெரியுதுல்ல? அப்புறம் என்னை எதுக்குக் கேக்குறீங்க?

— வம்பு பண்ணாதீங்க. மூணு மணிக்கு மனு வாங்குறதை நிறுத்திடுவோம். ஆலையில பிள்ளைத்தாச்சிப் பொண்ணுங்களை வேலைய விட்டு அனுப்புறாங்கன்னு தெருத்தெருவா தொண்டை கிழியப் பேசினீங்களே. ஜெயிச்சாத்தானே அதைத் தட்டிக் கேக்க முடியும்?

— அந்த ஆலையில எங்க மேசைக்கு நாலு பேர். ஃபரீதா கை தைப்பா, மீலான் கழுத்து, சாந்த்ரானி பொத்தான், நான் தேய்ச்சு மடிப்பேன். சட்டை ஒண்ணுதான். வயித்தைத் தள்ளிக்கிட்டு நின்னப்போ, நீ என்ன சமூகம்னு கேட்டுட்டா மிஸ்யே, முதலாளி அவங்க மூணு பேரையும் வெளிய தள்ளினான்? வெள்ளைக்காரன் கப்பலேறி எட்டு வருஷமாச்சு. அவன் காலத்துக் கட்டம் மட்டும் இன்னும் உங்க மேசையில கிடக்கு.

— எனக்கும் சங்கடமாத்தான் இருக்கு. ஆனா எங்க வீட்டுல இந்தக் குழப்பமெல்லாம் கிடையாது. என் மக பிரேமிளா டீச்சரா இருக்கா. தான் யாருன்னு அவளுக்கு நல்லாத் தெரியும்.

— தெரியும் மிஸ்யே, ரொம்ப நல்லாத் தெரியும். நீங்க முத்திரையைக் குத்துங்க.

— குத்திட்டேன். தள்ளுபடி. மனசுக்குக் கஷ்டமா இருக்கு, போயிட்டு வாங்க. அடுத்து யாரு?

— நான்தான் பாபுஜி.

— பிரேமிளா? பள்ளிக்கூடத்துக்குப் போறேன்னுதானே கிளம்பின? சரி, சரி, உன் மனுவைக் குடு இப்படி. இந்துன்னு நானே எழுதிடுறேன்.

— பேனாவைக் கீழ வெச்சிட்டு முத்திரையை எடுங்க பாபுஜி. என் பின்னால இன்னும் முப்பது பேர் நிக்கிறாங்க, எல்லார் கட்டமும் காலிதான்.