எல்லார் பையும் என் மடியில்

அக்கா: ஒரு நாற்காலி எடுத்தா பத்தாதுண்ணே. பக்கத்துல இருக்கிறதையும் எடுங்க.

நாற்காலிக்காரர்: ரெண்டா? ஒரு ஆளுக்கு ரெண்டு இடமாம்மா?

அக்கா: என் சக்கர நாற்காலி வண்டியைப் பாருங்க. சக்கரத்துக்கு வெளியில என் கை இருக்கு. முழங்கை எங்க போகும்? பக்கத்து ஆள் விலாவுலயா?

நாற்காலிக்காரர்: அது சரிம்மா. ஆனா நட்ட நடு வரிசையில இப்படிப் பிடுங்கிட்டா பல்லு விழுந்த வாய் மாதிரி இருக்கும். கல்யாண வீடு, பார்க்க லட்சணமா வேணாமா? ஓரமா ஒரு இடம் விட்டுட்டா...

அக்கா: ஓரமா விட்டா போறவன் வர்றவன் எல்லாம் இடிச்சுக்கிட்டுப் போவான். போறப்ப ஒரு சாரி, வர்றப்ப ஒரு சாரி. ஓரத்துல எனக்கு நல்ல அனுபவம்ண்ணே. பல்லு விழுந்தா விழட்டும், எடுங்க.

தங்கச்சி: அக்கா, அந்த இடம் யாருக்கு?

அக்கா: உன் மாப்பிள்ளையோட அத்தைக்கு. போன வருஷம் பக்கவாதம் வந்துச்சே, அவங்க. இப்ப அவங்களும் வண்டியிலதான். இந்தப் பக்கம் ஒரு பொண்ணு, அந்தப் பக்கம் ஒரு பொண்ணு உட்காரட்டும். ஆளோட சேர்த்துத்தான் இடம் போடணும். வெறும் இடத்தை மட்டும் விட்டா அதுக்குப் பேரு பார்க்கிங்.

தங்கச்சி: ம்... அப்ப பெரியப்பா?

நாற்காலிக்காரர்: காது கேக்காதுன்னு சொன்னீங்களே, அவரா? அவரை ஸ்பீக்கருக்குப் பக்கத்துல போட்டுட்டேன்மா. ஜம்முனு கேக்கும்.

அக்கா: ஐயோ, தூக்குங்க முதல்ல! அவருக்கு வேண்டியது சத்தம் இல்லண்ணே, முகம். பேசுறவங்க வாய் தெரிஞ்சாத்தான் அவருக்குப் பேச்சு புரியும். அந்த விளக்கு வெளிச்சம் எங்க விழுதோ, அதுக்கு நேர் எதிர்ல போடுங்க.

நாற்காலிக்காரர்: அதுவும் சரிதான்... நாளைக்குக் கல்யாணம், இன்னிக்கு நான் நாலாவது தடவை அடுக்குறேன். போதாக்குறைக்கு வில்லு மாதிரி வளைச்சுப் போடணுமாம் உங்க தங்கச்சிக்கு. நான் நேர் வரிசை போட்டே தலை நரைச்சவன்.

அக்கா: ஆமா, கேக்கணும்னு நெனச்சேன். எதுக்குடி இந்த வளைவு? மேடை உயரத்துல இருக்கு, நேரா போட்டாலே எல்லாருக்கும் தெரியுமே.

தங்கச்சி: எனக்கு எல்லார் முகத்தையும் பார்க்கணும்.

அக்கா: கல்யாணப் பொண்ணு ஆசை, சரி... அங்க என்ன, திரைக்குப் பின்னால ஒரே டமால் டமால்னு?

தங்கச்சி: மேடைப் பலகை ஆடுதாம்... இல்லண்ணே?

நாற்காலிக்காரர்: ஆங்... ஆமாமா. ஆட்டம்னா ஆட்டம், அப்படி ஒரு ஆட்டம்.

அக்கா: இறுக்கச் சொல்லுங்க நல்லா. அடுத்தது சித்தப்பா பையன். சத்தம் ஏறினா காதைப் பொத்திக்கிட்டு அழுவான் பாவம். அவனை முன் கதவுகிட்ட போடுங்க, ஸ்பீக்கரை விட்டுத் தள்ளி. அழுகை வந்தா யாரையும் தாண்டாம வெளியில போய், அடங்கினதும் உள்ள வரலாம். சித்தியும் பக்கத்துலயே.

தங்கச்சி: சித்தி வருவாங்களா?

அக்கா: கதவுகிட்ட இடம் இருக்குன்னு சொன்னேன். வர்றேன்னுட்டாங்க. அண்ணன் கல்யாணத்துக்கு அவனை வெச்சுக்கிட்டு வீட்லயேதானே இருந்தாங்க. ஏன் வரலன்னு ஒருத்தர்கூடக் கேக்கல.

தங்கச்சி: நீ கேட்டியா?

அக்கா: நான்தான் கேட்டேன். வேற யாரு கேப்பா... சரி, டீச்சரம்மா. கண்ணு தெரியாதவங்களைத் தனியா உட்கார வெச்சுட்டு நல்லா கேக்குதான்னு விசாரிச்சா ஆச்சா? உன் தோழி இருக்காளே, வாயாடி, அவளைப் பக்கத்துல போடு. என்ன நடக்குதுன்னு காதுல சொல்லிக்கிட்டே இருக்கட்டும். முதல்ல உன் டிரஸ் என்ன கலர்னுதான் கேப்பாங்க.

நாற்காலிக்காரர்: ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்காதீங்கம்மா. இவங்க எல்லாரையும் ஒரே பக்கமா சேர்த்து உட்கார வெச்சுட்டா நமக்கும் வசதி, கவனிக்கவும் லேசு இல்ல?

அக்கா: நல்ல யோசனைண்ணே. டிக்கெட் போட்டு ஜனங்களைப் பார்க்க விடலாம்.

நாற்காலிக்காரர்: நான் அந்த அர்த்தத்துல...

அக்கா: தெரியும்ண்ணே. யாரும் அந்த அர்த்தத்துல சொல்றதில்ல. இருங்க... இந்தக் கம்பள ஓரம் யாரு ஒட்டினது? சுருக்கமே இல்லாம இருக்கு. சக்கரம் ஏறினதே தெரியல.

நாற்காலிக்காரர்: அது... நம்ம ஆளுதாம்மா.

அக்கா: கெட்டிக்காரன். எல்லா மண்டபத்துலயும் இங்கதான் மாட்டி நிப்பேன். அந்த ஆளுக்கு ஒரு டீ வாங்கிக் கொடுங்க என் கணக்குல.

நாற்காலிக்காரர்: கொடுத்துடலாம், கொடுத்துடலாம்.

அக்கா: அந்த மேசை என்ன அவ்வளவு உயரம்?

நாற்காலிக்காரர்: கல்யாணப் பதிவுக்குக் கையெழுத்துப் போடுற மேசைம்மா. இருந்த மேசை எதுவும் பிடிக்கல உங்க தங்கச்சிக்கு. அடியில கட்டை கொடுத்து ஏத்தியிருக்கேன்.

தங்கச்சி: அவரு உயரம்ல. குனிஞ்சு கையெழுத்துப் போட்டா முதுகு வலிக்கும்.

அக்கா: யாரு? உன் மாப்பிள்ளையா? அவரு உன்னைவிடக் கட்டைடி!

நாற்காலிக்காரர்: நான் அந்தப் பக்கம் வேலையைப் பார்க்கிறேன்மா...

தங்கச்சி: நில்லுங்கண்ணே, போகாதீங்க. அக்கா, உன் போன் அடிக்குது.

அக்கா: அடிக்கட்டும். ஆபீஸ்தான்.

தங்கச்சி: எடேன். யாருக்காவது அவசரமா ஆம்புலன்ஸ் வேணுமோ என்னவோ.

அக்கா: என் சொந்த நம்பருக்கு யாருடி ஆம்புலன்ஸ் கேப்பா? அதுக்கு எங்க கன்ட்ரோல் ரூம் நம்பர் இருக்கு. இது எங்க மேடம். அப்புறமா பேசிக்கறேன்.

தங்கச்சி: சரி. உன் இடம் எங்க?

அக்கா: எனக்கென்ன, ஊரே நாற்காலி தேடி அலையும், நான் கையோட கொண்டு வருவேன். இவரு நாற்காலிக்காரர், நான் நாற்காலிக்காரி.

தங்கச்சி: விளையாடாத. எங்க?

அக்கா: பின்னால. கதவுகிட்ட.

தங்கச்சி: முன் கதவு சித்தப்பா பையனுக்குன்னு இப்பத்தானே சொன்ன.

அக்கா: ...இன்னொரு கதவு இருக்குல்ல.

தங்கச்சி: அந்தக் கதவுக்கு ரெண்டு படி இருக்கு. வந்ததும் வராததுமா நீதான் சொன்ன, பின் கதவுல படி இருக்கு, அத்தையை முன்பக்கமா கொண்டு வரச் சொல்லுன்னு. மறந்துட்டியா?

அக்கா: முதல்ல மெதுவா மூச்சு விடு. பதறாத. நான் சொல்றதைக் கேளு...

தங்கச்சி: அந்தக் குரல்ல பேசாத! அது போன்ல பேசுற குரல். அடிபட்டுக் கிடக்கிறவங்ககிட்டப் பேசுற குரல் அது. என்கிட்ட அந்தக் குரல் வேணாம்.

அக்கா: சரி.

தங்கச்சி: நாளைக்கு நீ வரப்போறதில்ல. அதானே?

அக்கா: ...அண்ணே, கொஞ்சம் தண்ணி கிடைக்குமா?

நாற்காலிக்காரர்: இந்தாங்கம்மா, இங்கயே இருக்கு.

தங்கச்சி: சொல்லுக்கா. உன் வாயால சொல்லு.

அக்கா: அம்மா உன் மாப்பிள்ளை வீட்ல ஏற்கெனவே சொல்லிட்டாங்க. பெரியவளுக்குக் கூட்டம் ஆகாது, அவ வீட்ல இருப்பான்னு.

தங்கச்சி: உனக்கா கூட்டம் ஆகாது? கூட்டத்தைக் கண்டா மைக் கேப்ப நீ!

அக்கா: அம்மா என்னைக் கேட்டுட்டுத்தான் சொன்னாங்க. நான் சரின்னேன். அவங்க மேல கோபப்படாத. அண்ணன் கல்யாணத்துல என்னை மேடைக்குத் தூக்குனாங்களே, ஞாபகம் இருக்கா?

தங்கச்சி: இல்லாம?

அக்கா: பசங்க நல்ல பசங்கதான். நாலு பேரும் ஆளுக்கொரு பக்கம் பிடிச்சாங்க. ரெண்டாவது படியில வண்டி சாய்ஞ்சுது. மண்டபமே ஒண்ணா ஐயோன்னுச்சு. அதுல அம்மா குரல் மட்டும் தனியாக் கேட்டுச்சுடி. நான் விழக்கூட இல்ல. ஆனா அந்தக் கத்தல் இன்னும் என் காதை விட்டுப் போகல. நாளைக்கும் அவங்க உன்னைப் பார்க்காம என் சக்கரத்தையே பார்த்துக்கிட்டு நிக்கணுமா?

நாற்காலிக்காரர்: பழகின ஆளுங்க தூக்கினா ஒண்ணும் ஆகாதும்மா...

அக்கா: நாலு பேர் தூக்குறது எனக்கு ஒரே ஒரு தடவை போதும்ண்ணே. அன்னிக்கு எனக்குப் பயமும் இருக்காது.

நாற்காலிக்காரர்: அட, கல்யாண வீட்ல பேசுற பேச்சா இது? வாயைக் கழுவுங்க.

அக்கா: அப்புறம் என்னைக் கீழேயே விட்டுட்டுப் போட்டோவுக்கு எல்லாரும் மேல போனாங்க. போறப்ப ஒவ்வொருத்தரும் பையை என் மடியில வெச்சுட்டுப் போனாங்க. பார்த்துக்கோ, பார்த்துக்கோன்னு. எல்லார் பையும் என் மடியில. பைக்கு மேல என் முகம் தெரிஞ்சுதோ என்னவோ.

தங்கச்சி: அந்தப் போட்டோ வீட்ல மாட்டியிருக்கு. எல்லாரும் இருக்கோம். நீ இல்ல.

அக்கா: பார்த்திருக்கேன். தினமும் அதுக்குக் கீழதானே சாப்பிடுறேன்.

தங்கச்சி: அன்னிக்கு உன் மடியில என் பையும் இருந்துச்சா?

அக்கா: உன்னோடதுதான் இருக்கிறதுலயே கனம். என்னடி வெச்சிருந்த, அம்மிக்கல்லா? ...ஏய், அழாத. கல்யாணப் பொண்ணு முகம் வீங்கினா என்னைத்தான் திட்டுவாங்க. எனக்கு ஒரு வருத்தமும் இல்ல. நாளைக்கு நிம்மதியா வீட்ல உட்கார்ந்து போன்ல பார்க்கிறேன். எல்லாருக்கும் இடம் போட்டாச்சு, எனக்கு அது போதும்.

தங்கச்சி: அம்மா சொன்னது எனக்கு அன்னிக்கே தெரியும்க்கா. மாப்பிள்ளை வீட்ல எனக்குப் போன் பண்ணிச் சொல்லிட்டாங்க. நீயா சொல்லுவன்னு இத்தனை நாளாக் காத்துக்கிட்டிருந்தேன்... அண்ணே, திரையை விலக்குங்க.

நாற்காலிக்காரர்: இன்னும் கொஞ்சம் வேலை பாக்கி இருக்கேம்மா...

தங்கச்சி: பரவாயில்ல, விலக்குங்க.

அக்கா: என்னடி? ...மேடை எங்க?

நாற்காலிக்காரர்: பின்பக்கம் லாரியில ஏத்திக்கிட்டிருக்கோம்மா. டமால் டமால்னு கேட்டீங்களே, அது ஆணி அடிச்ச சத்தம் இல்ல. பிடுங்கின சத்தம்.

அக்கா: உனக்குப் பைத்தியமா பிடிச்சிருக்கு? மேடை இல்லாமக் கல்யாணமா?

தங்கச்சி: சாய்வுப் பலகை போடலாமான்னு முதல்ல கேட்டேன்.

நாற்காலிக்காரர்: கேட்டாங்கம்மா. இந்த மேடை உயரத்துக்கு நீங்களே தள்ளிக்கிட்டு ஏறுற மாதிரி போட்டா, பலகை மண்டபத்துல பாதி வரைக்கும் வரும். குட்டையா போட்டா ஏத்துறப்ப மூச்சு வாங்கும், இறங்குறப்ப வண்டி பறக்கும்.

தங்கச்சி: உன்னை ஏத்த வழி இல்லன்னா நான் இறங்கிடறேன்னு சொல்லிட்டேன்.

அக்கா: பின் வரிசையில இருக்கிறவங்களுக்கு ஒண்ணும் தெரியாதுடி...

தங்கச்சி: அதுக்குத்தானே வளைச்சுப் போட்டது. பாரு, எல்லா நாற்காலியும் இந்த மேசையைத்தான் பார்க்குது.

அக்கா: அம்மாவுக்குத் தெரிஞ்சா...

தங்கச்சி: நேத்தே சொல்லிட்டேன். காலையில எனக்கு முன்னாடி கிளம்பி இங்க வந்துட்டாங்க.

நாற்காலிக்காரர்: அந்தக் கம்பள ஓரம் கேட்டீங்களே... நான் ஒட்டினதைப் பிரிச்சுப் போட்டுட்டு, உங்கம்மாதான் தரையில உட்கார்ந்து ஒட்டினாங்க. கையால தடவித் தடவிப் பார்த்துட்டுத்தான் எழுந்தாங்க. டீ கொடுத்தேன், குடிக்கல.

தங்கச்சி: அக்கா.

அக்கா: ...இரு. பேசாத கொஞ்ச நேரம்.

தங்கச்சி: மேசைகிட்ட வா. முட்டி இடிக்காம உள்ள போகுதா பாரு.

அக்கா: ...போகுது.

தங்கச்சி: கை எட்டுதா?

அக்கா: எட்டுது. மாப்பிள்ளை உயரமாம்... பொய் சொல்லவும் தெரியல உனக்கு.

தங்கச்சி: என் பக்கத்துச் சாட்சிக் கையெழுத்து நீதான் போடுற. அவருக்கும் சொல்லிட்டேன். இதுதான் உன் இடம். நாளைக்கு இந்த இடம் காலியா இருந்தா நான் பேனாவைத் தொட மாட்டேன்.

நாற்காலிக்காரர்: அப்புறம்மா... பை வைக்கத் தனியா ஒரு மேசை போட்டுடவா?

அக்கா: பெருசா போடுங்கண்ணே. எங்க வீட்டு ஆளுங்க பை ஒவ்வொண்ணும் ஒரு மூட்டை.

தங்கச்சி: மறுபடியும் போன் அடிக்குது பாரு. நீ எடுக்கலன்னா நான் எடுக்கிறேன்.

அக்கா: கொடு, நானே பேசுறேன்... ஹலோ, மேடம்... ஆமா மேடம், நாளைக்குக் காலை டியூட்டிதான்... இல்ல, என்னால வர முடியாது. வேற யாரையாவது போட்டுக்குங்க... ஆமா, நானேதான் கேட்டு வாங்கினேன். வீட்ல சும்மா உட்கார்ந்திருக்க முடியாதுன்னுதான் வாங்கினேன்... இல்ல மேடம், உடம்பெல்லாம் நல்லாத்தான் இருக்கு... என் தங்கச்சிக்கு நாளைக்குக் கல்யாணம். உங்க யார்கிட்டயும் நான் சொல்லவே இல்ல.