ஞாயிற்றுக்கிழமைக்கு இரங்கல் கூட்டம்

என் பெயர், தகப்பனார் பெயர், விலாசம் ஆகியவை முதல் தாளில் எழுதப்பட்டுள்ளன. எனக்கு வயது நாற்பத்து மூன்று. ஓட்டல்களின் படுக்கை விரிப்புகளையும் துண்டுகளையும் துவைத்துத் தேய்த்துக் கொடுக்கும் சலவை ஆலையில் தேய்ப்புப் பிரிவில் வேலை செய்கிறேன். என் மீது இதற்கு முன் வழக்கு எதுவும் இல்லை. யாரும் கூப்பிடாமல் நானே காவல் நிலையத்துக்கு வந்து இந்த வாக்குமூலத்தைக் கொடுக்கிறேன். இன்று திங்கட்கிழமை காலை எங்கள் மேனேஜரை அடித்தது நான். அதற்காக வெளியே பெஞ்சில் உட்கார வைத்திருக்கிறீர்களே, அந்த ஆள் அடிக்கவில்லை.

அவரை ஆலையில் எல்லோரும் சோகம் என்று கூப்பிடுவோம். எவ்வளவு பெரிய நகைச்சுவை சொன்னாலும் அவர் முகத்தில் ஒரு கோடு அசையாது, அதனால் வந்த பெயர். சூடான தேய்ப்பு உருளைக்குள் விரிப்பைச் செலுத்த இரண்டு பேர் வேண்டும், ஆளுக்கு ஒரு முனை பிடிக்க வேண்டும். பல வருடமாக எனக்கு மறுமுனை பிடிப்பவர் அவர்தான். நான் அவரை அண்ணே என்பேன். என் கணவர் முகத்தைவிட அவர் முகத்தைத்தான் நான் அதிக நேரம் பார்த்திருக்கிறேன்.

எங்களுக்கு வாரத்தில் ஞாயிறு ஒரு நாள்தான் விடுமுறை. அதுவும் பாதி நாள்தான் எனக்கு விடுமுறை மாதிரி இருக்கும். மத்தியானம் சாப்பிட்டுக் கை கழுவும்போதே எனக்கு மறுநாள் நினைப்பு வந்துவிடும். "நாளைக்குத்தானே வேலை, இன்னைக்கே ஏன் மூஞ்சியத் தூக்கி வச்சிருக்க?" என்று கணவர் கேட்பார். அவருக்கும் அதே மூஞ்சிதான், கண்ணாடி பார்ப்பதில்லை, அவ்வளவுதான். இதையெல்லாம் எழுத வேண்டுமா என்று எழுதுகிறவர் கேட்டார். எழுதுங்கள் என்று சொன்னேன். இது இல்லாமல் பின்னால் நடந்தது புரியாது.

போன வருடம் ஒரு திங்கட்கிழமை, கைரேகை வைக்கும் இயந்திரத்தின் முன்னால் எல்லோரும் வரிசையில் செத்த முகத்தோடு நின்றபோது, சோகம் அண்ணன் ஒரு தலையணை உறையைத் தலையில் மாட்டிக்கொண்டு, நம்மை விட்டுப் பிரிந்த ஞாயிற்றுக்கிழமைக்கு இரங்கல் கூட்டம் என்று அறிவித்தார். "வயசென்ன?" என்று கூட்டத்தில் ஒருவர் கேட்டார். "ஒரு நாள்தாங்க. வாழ வேண்டிய வயசு" என்றார். "எப்படிப் போனாரு?" "துணி துவைச்சே போய்ச் சேர்ந்தாரு." "பிள்ளைங்க?" "ஆறு. ஒண்ணுகூட உருப்படல. மூத்தது திங்கள், அதுதான் ரொம்ப மோசம்." அதன் பிறகு இயந்திரத்தைக் கும்பிட்டு, "போயிட்டியே, இன்னும் ஒரு நாள் இருந்திருக்கக் கூடாதா" என்று முடித்தார். நாங்கள் சிரித்த சிரிப்பில் கொதிகலன் ஆள் என்னவோ வெடித்துவிட்டது என்று ஓடி வந்தார். அதன் பிறகு ஒவ்வொரு திங்களும் இது நடந்தது. யாரும் சொல்லாமல் நடந்தது, தன் பாட்டுக்கு நடந்தது. அன்று முழுக்க வேலை கொஞ்சம் லேசாக இருக்கும்.

அதன் பிறகு யாரோ எடுத்த வீடியோ மேனேஜர் கைக்குப் போனது. அவர் முதலில் எங்களைக் கூப்பிட்டுத் திட்டினார். தலைமை அலுவலகத்தில் அதைப் பார்த்து நன்றாக இருக்கிறது என்று சொன்னதும், அந்த யோசனையே தன்னுடையது என்று ஆக்கிக்கொண்டார். அதற்கு மகிழ்ச்சித் திங்கள் என்று பெயர் வைத்தார். மைக் வந்தது. கால் மணி நேரம் முன்னதாக எல்லோரும் வர வேண்டும், அதற்குச் சம்பளம் கிடையாது, வராவிட்டால் தாமதம். கைதட்ட வேண்டும், சிரிக்க வேண்டும். ஏன் சிரிக்கவில்லை என்று என்னை அறைக்குக் கூப்பிட்டு விளக்கம் கேட்டார்கள். பல் வலி என்று சொன்னேன். திங்கட்கிழமையை அவர்கள் வைத்துக்கொள்ளட்டும், அது அவர்களுடையது. அதைப் பார்த்துச் சிரிக்க எங்களிடம் இருந்த ஒன்றையும் பிடுங்கிக்கொண்டு, அதற்கும் கைரேகை வைக்கச் சொன்னார்கள்.

போன வெள்ளிக்கிழமை காலை சோகம் அண்ணனின் மனைவி இறந்துபோனார். நுரையீரல் நோய். மூன்றாம் வகுப்புப் படிக்கும் ஒரே மகள். சனிக்கிழமை வேலை முடிந்து நானும் எங்கள் பிரிவுப் பெண்கள் சிலரும் அடக்கத்துக்குப் போனோம். மற்றப் பிரிவுகளில் யாருக்கும் தெரியாது. மேனேஜருக்குத் தெரியும். அண்ணன் என் எதிரில்தான் அவருக்குப் போன் செய்து இந்த வாரம் விடுப்புக் கேட்டார். "மூணு நாள்தான் விதி. வெள்ளி, சனி, ஞாயிறு. கணக்குச் சரியாப் போச்சே" என்று மேனேஜர் சொன்னது எனக்கே கேட்டது. ஞாயிற்றுக்கிழமையை அவர் எப்படிக் கொடுப்பார் என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை. அது ஏற்கெனவே அண்ணனுடையது. வராவிட்டால் வேலை இல்லை என்றும் சொன்னார்.

இன்று காலை அண்ணன் வந்தார். சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டிருந்தார். பையைத் திறந்தபோது அதில் மகளுடைய சாப்பாட்டு டப்பா இருந்தது. தன்னுடையதை அவளிடம் கொடுத்தனுப்பிவிட்டதாகச் சொன்னார். தலைமை அலுவலகத்திலிருந்து இரண்டு பேர் கேமராவோடு வந்திருந்தார்கள். மேனேஜர் மைக்கை அண்ணன் கையில் கொடுத்தார். "சார், இன்னைக்கு வேற யாரையாவது விடுங்க, அவரு வீட்டுல..." என்று நான் குறுக்கே போனேன். "தெரியும்மா. வேலைன்னா வேலை. உங்க அண்ணனுக்கும் ஒரு மாறுதலா இருக்கும்" என்றார்.

அதன் பிறகு அண்ணன் தலையணை உறையை மாட்டிக்கொண்டார். ஏன் மாட்டினார் என்று கேட்காதீர்கள். வேலை போனால் பிள்ளைக்குச் சோறு போடுவது யார்? துவைப்புப் பிரிவு ஆள் வழக்கம்போல "வயசென்ன?" என்று கத்தினார். "முப்பத்தெட்டு" என்றார் அண்ணன். புது வேடிக்கை என்று எல்லோரும் சிரித்தார்கள். "எப்படிப் போனாரு?" "மூச்சு விட முடியல. கையப் புடிச்சுக்கிட்டே இருந்தா." அதற்கும் சிரித்தார்கள். "பிள்ளைங்க?" "ஒண்ணு. அம்மா எப்ப வரும்னு கேக்குது." இதற்குப் பாதிப் பேர் சிரிக்கவில்லை. அதன் பிறகு, "போயிட்டியே, இன்னும் ஒரு நாள் இருந்திருக்கக் கூடாதா" என்றார். அந்த முகத்தில் கோடு அசைந்ததை இன்றுதான் பார்த்தேன். மேனேஜர் மட்டும் தனியாகக் கைதட்டி, "பிரமாதம், கேமரா பக்கம் திரும்பி இன்னொரு தடவை, கொஞ்சம் அழுது" என்றார்.

அதன் பிறகு நான் அடித்தேன். இரும்புக் கம்பி என்று மேனேஜர் கொடுத்த புகாரில் இருப்பது பொய். துவைத்து இன்னும் பிழியாத பெரிய கட்டில் விரிப்பு, முறுக்கிய நிலையில் பக்கத்து வண்டியில் கிடந்தது. இரண்டு கையாலும் தூக்கி மேனேஜரின் பிடரியில் ஓங்கி ஒரு அடி அடித்தேன். அவர் எதிரே இருந்த அழுக்குத் துணி வண்டிக்குள் தலைகுப்புற விழுந்தார். மூக்கில் ரத்தம் வந்தது வண்டியின் விளிம்பு பட்டதால். இன்னொரு அடியும் அடித்திருப்பேன், பெண்கள் என்னை இழுத்துக்கொண்டு கொதிகலன் அறைக்குப் போய்விட்டார்கள். அடித்தது யார் என்று மேனேஜர் பார்க்கவில்லை. கேமரா அண்ணன் முகத்தைப் பார்த்திருந்தது, அதைப் போட்டுப் பார்த்தாலே அவர் அடிக்கவில்லை என்று தெரியும். காவலாளி வந்து கேட்டதும், தரையில் உட்கார்ந்திருந்த அண்ணன் "நான்தான் அடிச்சேன்" என்று சொல்லியிருக்கிறார். அவரை இங்கே கொண்டுவந்தது எனக்குப் பிறகுதான் தெரிந்தது. உடனே கிளம்பி வந்தேன்.

சற்று முன்பு பெஞ்சில் அவரிடம், "ஏண்ணே இப்படிச் சொன்னீங்க?" என்று கேட்டேன். "அடிச்சிருக்கணும்மா. நான்தானே அடிச்சிருக்கணும்" என்றார். அது ஆசை, அய்யா. அதைக் குற்றமாக எழுதாதீர்கள். பள்ளிக்கூடம் விடும் நேரம் ஆகிறது. அம்மாவும் இல்லாமல், அப்பாவும் வராமல் அந்தப் பிள்ளை வாசலில் நிற்கக் கூடாது. அவரை இப்போதே அனுப்புங்கள். நான் இங்கேயே இருக்கிறேன்.

எழுதியதை எனக்குப் படித்துக் காட்டினார்கள். நான் பார்த்ததும் செய்ததும் சொன்னபடியே இருக்கின்றன. கடைசியில் "நடந்ததற்காக மிகவும் வருந்துகிறேன்" என்று ஒரு வரி இருந்தது. அதை நான் சொல்லவில்லை. அந்த வரியை எடுத்த பிறகு கையெழுத்துப் போடுகிறேன்.

(ஒப்பம்)