மத்தூருக்கு மேலே பேர் சொன்னவர்கள்

மேகம் ஆடுகிறது. கீழே மத்தூர். தோப்புகள் கறுப்புத் திட்டாகத் தெரிகின்றன. சித்திரை மாதம், செவ்வாய்க்கிழமை, பள்ளிக்கூடம் விடும் நேரம். ஒரு சத்தம். டப். அவ்வளவுதான். அதன் பின்னால் எதுவும் உருளவில்லை.

இடது பக்கம் மேகம் கிழிகிறது. உள்ளே வெயில் விழுகிறது. வெடிமருந்து நாற்றம்.

என் மகள் தூறல் என் இடுப்புக் கயிற்றில் இருக்கிறாள். வயிற்றில் எட்டு மாதம். பிள்ளைத்தாய்ச்சியைத் தாயின் இடுப்போடு கட்டி வைப்பது எங்கள் வழக்கம். காற்று நின்றால் கனத்த உடம்புதான் முதலில் விழும். தாய் பிடித்துக்கொள்வாள்.

நாங்கள் கார்க்குடி. தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். இடிமேகத்துக்குள் வாழ்கிற இனம். எங்களுக்குச் சிறகு கிடையாது. கையிலிருந்து இடுப்பு வரைக்கும் மெல்லிய தோல் உண்டு. மேகத்துக்குள் கீழிருந்து மேலே ஒரு காற்று ஏறும். அதில் தோலை விரித்து நிற்போம். ஆலங்கட்டிதான் சாப்பாடு. பெரிய கல்லை நொறுக்கித் தின்போம். மிச்சம்தான் கீழே விழும். மேகம் இல்லாத தை, மாசியில் ஜவளகிரிக் காட்டோரம் இறங்கியிருப்போம். அங்கேதான் ஐந்தாவது வரை படித்தேன். கன்னடமும் தெலுங்கும் பேசுகிற பிள்ளைகள் நடுவில் கடைசி வரிசை. வாத்தியார் கேட்டால்கூட வாய் திறக்க மாட்டேன்.

சண்டை தொடங்கி இரண்டு வருஷம் ஆகியிருந்தது. மாங்காய் உதிர்கிறது என்றார்கள் தோப்புக்காரர்கள். கூரைத் தகடு ஓட்டையாகிறது என்றார்கள் ஓசூர் கம்பெனிக்காரர்கள். கல்லை நாங்கள்தான் எறிகிறோம் என்றார்கள். எங்களில் மூன்று பேர் இறங்கிப் பேசப் போனார்கள். திரும்பவில்லை. எங்கள் இளவட்டங்கள் கோபத்தில் கரண்டு கம்பிகளை அறுத்தார்கள். அதையும் மறைக்காமல் சொல்கிறேன். அதற்கப்புறம் லாரிகளில் நீளக் குழாய்கள் வந்தன. வானத்தைப் பார்த்து நிமிர்த்தி வைத்தார்கள்.

இரண்டாவது சத்தம். டப். இந்த முறை பக்கத்தில்.

"கொண்டல்!"

எங்களில் மூத்தவர் குரல். எனக்குப் பெரியப்பா. இடி இடித்தால் மூத்தவர் தம் பேரைக் கத்திச் சொல்வார். அடுத்த வயதுக்காரர் தம் பேரை. அப்படியே கடைசிப் பிள்ளை வரைக்கும். சொல்லிக்கொண்டே எல்லோரும் மூத்தவரிடம் நெருங்குவோம். விழுந்தது யார் என்று அப்படித்தான் எங்களுக்குத் தெரியும். கயிறு சிக்கும் என்பதால் கூடும்போது முடிச்சை அவிழ்த்துவிடுவோம். இடிக்கு அது சரி. இடி குறி பார்த்து அடிக்காது.

எனக்கு அந்தச் சத்தம் தெரியும். நான் படித்த பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் கல்குவாரி இருந்தது. அங்கே வெடி வைத்தால் இப்படித்தான், டப் என்று அறுந்துவிடும். இடி உருளும். இது உருளவில்லை.

கத்தினேன். வாழ்நாளில் முதல் தடவை.

"இடி இல்ல! வெடி! கூடாதீங்க, கலைஞ்சு போங்க!"

பெரியப்பா மகன் உறுமல் சிரித்தான். எனக்கு அண்ணன்.

"அடடே, நம்ம சாரலுக்கு வாய் இருக்குது பாருங்கடா! அறுபது வருஷமா எங்க ஒளிச்சு வெச்சிருந்தம்மா?"

இன்னும் சிலர் சிரித்தார்கள்.

"உன் முறை வரல தங்கச்சி. இரு," என்றான். பிறகு தன் பேரைச் சொன்னான். "உறுமல்!"

பேர்கள் இறங்கி வருகின்றன. ஒவ்வொரு பேருக்கும் ஒரு ஆள் நடுவில் போய்ச் சேருகிறான். என் முறை வந்தது. நான் பேர் சொல்லவில்லை. மறுபடியும், "கலைஞ்சு போங்க!" என்றேன். வரிசை கெட்டுப்போச்சு என்று யாரோ அதட்டினார்கள். என்னைத் தாண்டிக்கொண்டு வரிசை போனது.

தூறல் முடிச்சை அவிழ்க்கிறாள். கையைப் பிடித்தேன்.

"போவாத கண்ணு. சொன்னா கேளு."

"பேரு சொல்லலன்னா நான் விழுந்துட்டேன்னு தாத்தா பதறிடுவாரு மா. இங்கதானே. சொல்லிட்டு வந்துடறேன்."

வெடியைப் பற்றி மறுபடியும் சொன்னேன். என் குரல் அவளுக்குக் கேட்டதா, தெரியாது. சுற்றிலும் பேர்கள். ஈரக் கை. நழுவிவிட்டது.

"தூறல்!" என்றாள். முழுசாகச் சொன்னாள். நான் கேட்டேன்.

டப்.

நடுவில் வெடித்தது. அதற்கப்புறம் எந்தப் பேரும் இல்லை.

மேகம் உடைந்ததும் காற்று நின்றது. விழுகிறேன். மாமரக் கிளைகள் முதுகை அறுக்கின்றன. ஒரு தோப்பில் கிடந்தேன். பெட்டியில் காய் அடுக்கிக்கொண்டிருந்த ஒரு அம்மா ஓடி வந்தாள். காய் வியாபாரியின் மனைவி. பிற்பாடுதான் பேர் கேட்டேன், நூர்ஜகான்.

"யா அல்லா. அசையாதம்மா. குழாய்க்காரங்க ரோட்டுல நிக்கறாங்க."

என்மேல் வைக்கோலைத் தள்ளினாள். அதன்மேல் காலிப் பெட்டிகள். ஒரு பெட்டியின்மேல் அவளே உட்கார்ந்துகொண்டாள். இரண்டு ஆட்கள் வந்து, இங்கே ஏதாவது விழுந்ததா என்று கேட்டார்கள்.

"மாங்காதான் விழுது. பொறுக்கித் தர்றியாப்பா?" என்றாள். போய்விட்டார்கள்.

பிறகு கல் விழுந்தது. உள்ளங்கை அளவு. மேலே நொறுக்க ஆள் இல்லை. பெட்டி பிளக்கும் சத்தம். கிளை முறியும் சத்தம். நூர்ஜகான் தலையில் முக்காட்டுக்கு மேலே ஒரு கூடையைக் கவிழ்த்துக்கொண்டாள். எழுந்து போகவில்லை. கல் நின்றபோது அந்தத் தோப்பில் மரத்தில் ஒரு காயும் மிச்சமில்லை.

விடிந்ததும் தேடினோம். ஓரத்தில் நின்றதால் பிழைத்தவர்கள் நாங்கள் ஆறு பேர். நூர்ஜகானும் கூட வந்தாள். கொண்டல் பெரியப்பா கிணற்று மேட்டில் கிடந்தார். உறுமல் அண்ணன் முள்வேலியில். தூறல் பம்புசெட் தொட்டி ஓரம். ஒருக்களித்து, வயிற்றைக் கையால் அணைத்தபடி. வயிற்றில் என் கையை வைத்தேன். வெகு நேரம் வைத்திருந்தேன்.

தோப்புக்குப் பக்கத்தில் கைவிட்ட ஒரு குவாரிப் பள்ளத்தில் எல்லோரையும் புதைத்தோம். மண் போதவில்லை. கல்லை அடுக்கினோம்.

இனி அந்த மேகம் இல்லை. அந்த வழக்கமும் போனது. இப்போது இடி இடித்தால் ஆளுக்கொரு பக்கம் ஓடுகிறோம். யாரும் பேர் சொல்வதில்லை.

இறந்தவர்கள் பதினாலு பேர் என்கிறார்கள் எங்கள் ஆட்களே. பேர் உள்ளவர்களை எண்ணினால் பதினாலுதான். எங்களில் பிள்ளைக்குப் பேர் வைப்பது பிறந்து மூன்றாவது மழையில். பேர் இல்லாததை எண்ணும் பழக்கம் எங்களுக்கு இல்லை.

நான் எண்ணுகிறேன். பதினைந்து.