எந்தக் கால் முன்னாடி

– நிறுத்து. அந்தப் பெரிய அலை வர்ற இடத்துக்குப் போ.

– மூணாவது தடவைம்மா. நாளைக்குத் தியேட்டர்ல பெருசா பாக்கத்தானே போற.

– நாளைக்கு மேடையேறிப் பேசணும்டி. ம், இங்கதான். அலைச்சறுக்குப் பலகை மேல நிக்கறது யாரு?

– நீதான். உன்னைப் பத்தின படத்துல வேற யாரு நிப்பா?

– இந்தப் படத்துக்கு நான் ஏறினதெல்லாம் இடுப்பளவு அலை.

– அட விடும்மா, கேமராவுல பெருசா தெரியும்.

– காலுமா மாறித் தெரியும்? பதினாறு வயசுலேர்ந்து எனக்கு வலது கால்தான் முன்னாடி. இவளுக்கு இடது.

– எடிட்டர் படத்தை இடம் வலமாத் திருப்பிப் போட்டிருப்பார்.

– சினிமா எனக்குத் தெரியாதா? எத்தனை கதாநாயகிக்கு டூப் போட்டிருக்கேன். அலை மேல நான், கரைக்கு வந்தா அவங்க மூஞ்சி. திருப்பியிருந்தா, பலகையில நான் எழுதின ஏழாம் நம்பரும் திரும்பியிருக்கணும். நேராத்தானே இருக்கு.

– டைரக்டரையே கேட்டுடேன்.

– கேட்டேன். ‘உங்க வீட்டுல கேளுங்க’ன்னு போனை வெச்சுட்டாரு.

– அட விடும்மா...

– எப்படி விடறது? என் மூஞ்சியும் என் உடம்பும் ஒண்ணா வர்ற ஒரே படம்டி இது. இந்த அலைக்காக ரெண்டு மாசம் காத்துக் கெடந்தேன்.

– உன் முட்டிக்கு டாக்டர் என்ன சொன்னார்னு மறந்துட்டியா?

– முட்டியைப் பத்தி நான் பேசவே இல்லையே. எழுந்து அந்தப் பக்கம் திரும்பி நில்லு.

– எதுக்கு?

– புதுசா கத்துக்க வர்றவங்களுக்குப் பண்றதுதான். பின்னாடியிருந்து ஒரு தள்ளு. விழாம இருக்க எந்தக் கால் தானா முன்னாடி வருதோ, அதுதான் பலகையிலயும் முன்னாடி நிக்கும்.

– எனக்குத் தண்ணின்னாலே ஆகாதும்மா.

– அப்படித்தான் நானும் நம்பிட்டிருந்தேன். நில்லு.

– தள்ளாத. இடது கால்தான்.

– எத்தனை நாளா?

– நாலு வருஷமா. உன்கிட்ட கத்துக்கிட்டா, கடைசி வரைக்கும் உன் பொண்ணுன்னுதான் சொல்லுவாங்க. அன்னிக்கு அலை அவ்வளவு பெருசு, உன் முட்டி தாங்காது, அதான்... நாளைக்கு நீ பேசும்மா. யாருக்கும் தெரியாது.

– எனக்குத் தெரியுமே. தினம் விடியக்காலையில ஜன்னல்ல பாத்து, கடல் எப்படியிருக்குன்னு எனக்குச் சொல்றவ நீ. அன்னிக்கு ‘அலையே இல்லம்மா, தூங்கு’ன்னு போர்த்தி விட்டியே. என் பலகையை வெளிய எடுத்து வெச்சுட்டுத்தானே வந்து போர்த்தி விட்ட?