காத்திருப்போர் பட்டியலில் முதல் பெயர்

பர்ணாலி தீதி, அக்கா என்றுதான் கூப்பிடுவேன், போடும் தேநீரில் இஞ்சி எப்போதும் தூக்கலாக இருக்கும். அன்றும் அப்படித்தான். முழுக்கக் குடித்துவிட்டுத்தான் செய்தேன் ஐயா.

பாங்குராவில் எங்கள் இருவருக்கும் ஒரே கல்லூரி விடுதி, ஒரே வரலாற்றுப் பாடம், ஒரே இட ஒதுக்கீட்டுப் பிரிவு. சாதியில் அவள் பாக்தி, நான் பாவுரி. என் அப்பாவுக்குச் செங்கல் சூளையில் வேலை. எங்கள் வீட்டில் கைநாட்டு வைக்காத முதல் ஆள் நான். ஆசிரியர் தேர்வில் எங்கள் பிரிவின் கடைசி இடம் அவளுக்குப் போனது. காத்திருப்போர் பட்டியலில் முதல் பெயர் என்னுடையது. வித்தியாசம் ஒரே ஒரு மதிப்பெண்.

பிறகு ஊழல் வெளியே வந்தது. காசு கொடுத்தவர்கள் விடைத்தாளில் வட்டங்களை வெறுமையாக விட்டு வந்திருக்கிறார்கள், உள்ளே யாரோ நிரப்பியிருக்கிறார்கள். வழக்குப் போட்டோம். கொல்கத்தா நடைபாதையில் பந்தல் போட்டு எழுநூறு நாள் உட்கார்ந்தோம். பொரியும் பச்சை மிளகாயும்தான் சாப்பாடு. போலீஸ் இழுத்ததில் என் முன்பல் ஒன்று போனது.

அங்கே உட்கார்ந்திருந்தபோதுதான் ஞாபகம் வந்தது. பரீட்சை முடிந்து வெளியே வந்ததும் தீதி சொன்னாள்: "பதினோரு கேள்விய அப்படியே விட்டுட்டேன்டி." தப்பான விடைக்கு மதிப்பெண் குறைக்காத பரீட்சை அது. தெரியாவிட்டாலும் ஏதாவது ஒரு வட்டத்தைக் கறுப்பாக்காமல் நாங்கள் எழுந்திருக்க மாட்டோம். நடைபாதையில் இதைச் சொன்னேன். "அப்ப காசு குடுத்தவதான்" என்றார்கள் எல்லோரும்.

தீதி வீட்டுக்குப் போனேன். முற்றத்தில் அரிவாள்மணை போட்டுக் கெண்டை மீன் அரிந்துகொண்டிருந்தாள்.

"வாடி போராளி! பந்தலுக்கு லீவு விட்டாச்சா?"

கையைக் கழுவிவிட்டுத் தேநீர் போட்டுக் கொடுத்தாள். குடித்து முடித்துக் கேட்டேன்: "எவ்வளவு குடுத்தே தீதி?"

சிரித்தாள். "எங்கப்பா நண்டு பிடிக்கிறவரு. ரெண்டு கூடை நண்டு குடுத்தேன்னு எழுதிக்கோ."

"பதினோரு கேள்விய எதுக்கு விட்டே?"

"தெரியலை, விட்டேன். தெரியாததத் தெரிஞ்ச மாதிரி எழுதிட்டு, நாளைக்குப் பிள்ளைங்ககிட்ட பொய் சொல்லாதேன்னு எந்த வாயால சொல்றது?"

இப்படி ஒரு பதிலை யார் நம்புவார்கள் ஐயா? என்னை முட்டாளாக்குகிறாள் என்றுதான் தோன்றியது. சட்டியை எடுக்கத் திரும்பினாள். அரிவாள்மணை சும்மா கிடந்தது. தூக்கினேன். அதன் கட்டை கனமாக இருந்ததால் முதல் வெட்டு தோளில் விழுந்தது. "ரிங்கு, வேண்டாம்டி" என்றாள். மூன்றாவது வெட்டில் பேச்சு நின்றது. மீன் செதில்கள் இரத்தத்தில் ஒட்டிக்கொண்டு மினுங்கின. பிரேதப் பரிசோதனையில் ஒன்பது வெட்டு என்று எழுதியிருக்கிறார்கள், தவறு. பதினொன்று. எண்ணித்தான் வெட்டினேன்.

நேற்று நீங்கள் காட்டிய விடைத்தாள் நகலைப் பார்த்தேன். அந்தப் பதினோரு கேள்விகளும் வெறுமையாகவே இருக்கின்றன. யாரும் நிரப்பவில்லை. சரி, அவள் காசு கொடுக்கவில்லை. ஒப்புக்கொள்கிறேன். நியாயத்துக்காக எழுநூறு நாள் உட்கார்ந்தவள் நியாயத்தை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

ஆனால் அந்த இடம் இப்போது காலி. நியமன ஆணை வந்தால் சிறை முகவரிக்கு அனுப்பச் சொல்லுங்கள். வரிசைப்படி எனக்கு வந்த இடம் அது. குறுக்கு வழியில் வந்தவள் என்று யாரும் என்னைச் சொல்ல முடியாது.